வாய்க்கால் வந்தது, ரூபாய் வந்தது, நிலம் மட்டும் வரவில்லை

இந்தியப் பொருளாதார வரலாறு என்று கல்லூரியில் நமக்குச் சொல்லித்தரப்படும் பாடத்தின் மொழியைக் கொஞ்சம் கவனியுங்கள் தோழர்களே. கால்வாய்கள் வெட்டப்பட்டன. பாசனப் பரப்பு விரிந்தது. ஏற்றுமதி பெருகியது. நாணயம் சீரானது. பணப்பொருளாதாரம் கிராமத்தை எட்டியது. எல்லாம் தானாக நடந்ததுபோல வாக்கியங்கள் ஓடும். வெட்டியது யார், விரிந்த பரப்பு யார் பட்டாவில் இருந்தது, பெருகிய பணம் யார் மடிக்குப் போனது என்று கேட்டால் பாடம் மௌனமாகிவிடும். தேர்விலும் அந்தக் கேள்வி வராது.

இந்த வரலாற்றைச் சொல்பவர்கள் இரண்டு முகாம்களாக நிற்கிறார்கள். வெள்ளைக்காரன் அணை கட்டினான், ரயில் விட்டான், நாட்டை முன்னேற்றினான் என்பது ஒரு முகாம். வெள்ளைக்காரன் நாட்டின் செல்வத்தை உறிஞ்சி லண்டனுக்குக் கொண்டுபோனான் என்பது இன்னொரு முகாம். தாதாபாய் நௌரோஜி தொடங்கி வைத்த இந்த இரண்டாவது வாதத்தில் பெரிய உண்மை இருக்கிறது. அதை நாம் மறுக்கவில்லை. ஆனால் இரண்டு முகாமும் 'நாடு' என்ற ஒற்றைச் சொல்லோடு நின்றுவிடுகின்றன. நாட்டுக்குள் ஊர் இருக்கிறது, ஊருக்கு வெளியே சேரி இருக்கிறது. ஊருக்குள் வந்த செல்வம் சேரிக்கு வந்ததா என்பது இருவருக்குமே கேள்வியாக இல்லை.

நமக்கு அதுதான் கேள்வி. ஏனென்றால், வளர்ச்சி வந்தால் சாதி தானாகக் கரைந்துவிடும் என்று இன்றும் நம்மிடம் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். அரசு சொல்கிறது. பொருளாதார நிபுணர்கள் சொல்கிறார்கள். உற்பத்திச் சக்திகள் வளர்ந்தால் பழைய உறவுகள் உடையும் என்று முற்போக்காளர்களில் சிலரும் வேறு மொழியில் அதையே சொல்கிறார்கள். நம் பிள்ளைகளில் சிலரும் நம்பத் தொடங்கிவிட்டார்கள். கால்வாயும் ரூபாயும் வந்த இருநூறு ஆண்டு அனுபவம் அந்த நம்பிக்கையைப் பற்றி என்ன சொல்கிறது என்று பார்த்துவிடுவோம்.

தண்ணீர் யார் வயலுக்குப் போனது?

காவிரியிலிருந்து தொடங்குவோம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காவிரி மணல் மேடிட்டு, தண்ணீர் கொள்ளிடத்தின் பக்கம் போய்க்கொண்டிருந்தது. தஞ்சை வறண்டுவிடும் என்ற நிலை. ஆர்தர் காட்டன் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் 1836-ல் முக்கொம்பில் மேல் அணையைக் கட்டினார். டெல்டா பிழைத்தது. அடுத்து கோதாவரியின் குறுக்கே தவளேசுவரத்தில் 1847-ல் தொடங்கி 1852-ல் அணை முடிந்தது. அதைத் தொடர்ந்து கிருஷ்ணையிலும் விஜயவாடாவில் அணை எழுந்தது. கோதாவரி டெல்டாவில் இன்றும் காட்டனுக்குச் சிலைகள் உண்டு.

1836-ல் அந்தத் தண்ணீர் பாய்ந்த தஞ்சை வயல்கள் யாருடையவை? மிராசுதாரர்களுடையவை, கோயில்களுடையவை, மடங்களுடையவை. வயலில் இறங்கியவர்கள் யார்? பள்ளரும் பறையரும். அந்த ஆண்டில் அவர்கள் சட்டப்படியே அடிமைகள். அணை கட்டி ஏழு ஆண்டுகள் கழித்து, 1843-ல்தான், அடிமையின் மீது உரிமை கோரினால் நீதிமன்றம் அதை ஏற்காது என்று சட்டம் வந்தது. அந்தச் சட்டம் அடிமைக்கு ஒரு குழி நிலம்கூடத் தரவில்லை. வீட்டு மனையும் தரவில்லை. எனவே நேற்றுவரை அடிமையாக இருந்தவர் மறுநாள் கடனுக்குக் கட்டுப்பட்ட பண்ணையாள் ஆனார். பெயர் மாறியது, வேலை மாறவில்லை, எஜமான் மாறவில்லை.

1934-ல் மேட்டூர் அணையும் வந்தது. டெல்டாவின் சாகுபடி இன்னும் உறுதியானது. பண்ணையாளுக்கு ஏதாவது உறுதியானதா? சவுக்கடியும் சாணிப்பாலும் 1940-களில் செங்கொடிச் சங்கம் எழுந்து போராடிய பிறகுதான் ஓய்ந்தன. பண்ணையாளுக்கு என்று ஒரு பாதுகாப்புச் சட்டம் 1952-ல்தான் வந்தது. மேல் அணைக்கும் இந்தச் சட்டத்துக்கும் இடையில் 116 ஆண்டுகள். நூறு ஆண்டுகளுக்கு மேல் தண்ணீர் பெருகியது, நெல் பெருகியது, கிஸ்தி பெருகியது. அந்தத் தண்ணீர் கழுவாத இழிவைப் போராட்டம்தான் கழுவியது.

இதில் இன்னொரு கொடுமையும் உண்டு. தமிழகத்தின் பல பகுதிகளில் ஏரிக்கும் மடைக்கும் காவல் நின்றவர்கள், எந்த வயலுக்கு எவ்வளவு நேரம் தண்ணீர் என்று பங்கிட்டவர்கள் நம் முன்னோர்கள். நீர்க்கட்டி, மடைக்குடும்பன் என்று அவர்களுக்குப் பெயர். வெள்ளம் வரும் இரவில் உயிரைப் பணயம் வைத்து மடை திறந்தவர்கள் அவர்கள். நீரைப் பற்றிய அறிவு சேரியில் இருந்தது, நீர் பாயும் ஆயக்கட்டு ஊரில் இருந்தது. அறுவடையில் களத்து நெல்லில் ஒரு சிறு பங்கு, அவ்வளவுதான் அந்த அறிவுக்கு விலை.

பிறகு பசுமைப் புரட்சி வந்தது. 1960-ல் தீவிர வேளாண்மைத் திட்டத்துக்கு நாட்டில் முதலில் எடுக்கப்பட்ட மாவட்டங்களில் தஞ்சையும் ஒன்று. ஆடுதுறை 27 போன்ற குறுகிய கால நெல் வந்தது, உரம் வந்தது, கடன் வந்தது. விளைச்சல் கூடியபோது கூலியையும் கூட்டிக் கேட்டார்கள் விவசாயத் தொழிலாளர்கள். கேட்டது மரக்கால் கணக்கில் இல்லை, படிக் கணக்கில்தான். நிலவுடைமையாளர்கள் நெல் உற்பத்தியாளர் சங்கம் வைத்தார்கள், வெளியூர் ஆட்களை இறக்கினார்கள். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேர் ஒரே குடிசையில் எரிக்கப்பட்டார்கள். பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள். 1973-ல் குற்றம் சாட்டப்பட்ட நிலவுடைமையாளர்களை உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. அவர்கள் பெரும் பணக்காரர்கள், அப்படிப்பட்டவர்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்பது அந்தத் தீர்ப்பு முன்வைத்த காரணங்களில் ஒன்று. வாய்க்கால் தந்த செல்வமே கொலை வழக்கில் சாட்சியாக வந்து நின்றது!

கிருஷ்ணை டெல்டாவுக்கும் வாருங்கள். காட்டன் காலத்து வாய்க்கால்களால் செழித்த மண். அந்த நெல்லிலும் புகையிலையிலும் சேர்ந்த பணம் சினிமாவானது, தொழிலானது, ஹைதராபாத் நகரத்தின் கட்டடங்களானது. அதே செழிப்பான பகுதியில்தான் 1985 ஜூலையில் காரம்சேடு நடந்தது. மாதிகாக்கள் குடிக்கும் குளத்து நீரை ஆதிக்கச் சாதி இளைஞர் அசுத்தமாக்க, ஒரு தலித் பெண் அதைத் தட்டிக் கேட்டார். மறுநாள் சேரி வேட்டையாடப்பட்டது, ஆறு பேர் கொல்லப்பட்டார்கள். 1991 ஆகஸ்டில் குண்டூர் மாவட்டத்துச் சுண்டூரில் எட்டுப் பேர். சினிமாக் கொட்டகையில் படித்த தலித் இளைஞரின் கால் பட்டுவிட்டது என்பதில் தொடங்கிய பகை அது. கொல்லப்பட்டவர்களின் உடல்கள் கோணிப்பைகளில் கட்டப்பட்டு வாய்க்கால்களில் வீசப்பட்டன.

வறண்ட மாவட்டங்களிலும் வன்கொடுமை உண்டு என்று யாராவது சொல்லக்கூடும். உண்மைதான், உண்டு. நாம் கேட்பது இது ஒன்றுதான். வெண்மணி, காரம்சேடு, சுண்டூர் மூன்றும் பஞ்சப் பிரதேசங்களா? நாட்டின் மிகச் சிறந்த பாசன வசதி பெற்ற நிலங்கள் அவை. வளர்ச்சி சாதியைக் கரைக்கும் என்றால் முதலில் அங்கேயல்லவா கரைந்திருக்க வேண்டும்? நடந்தது என்ன? நிலத்தின் மதிப்பு ஏற ஏற, அதை வைத்திருந்தவனின் கை இறுகியது. கூலிக்காரன் நிமிர்ந்தபோது இழப்பதற்கு அவனிடம் நிறைய இருந்தது. அதனால் அடியும் பலமாக விழுந்தது.

வட்டிக்கு உத்தரவாதம், கூலிக்கு இல்லை

கால்வாய்க்குப் பணம் எங்கிருந்து வந்தது என்பதும் நாம் படிக்க வேண்டிய கதை. மெட்ராஸ் பாசன மற்றும் கால்வாய்க் கம்பெனி என்று லண்டனில் ஒரு கம்பெனி தொடங்கினார்கள். கர்நூல் – கடப்பைக் கால்வாயை வெட்டிய கம்பெனி அது. பத்து லட்சம் பவுண்டு முதலுக்கு 5 சதவீத வட்டி நிச்சயம் என்று அரசு உத்தரவாதம் தந்தது. கால்வாய் லாபம் தந்தாலும் தராவிட்டாலும் பங்குதாரருக்கு வட்டி உண்டு. கால்வாய் லாபம் தரவில்லை. கடைசியில் 1882-ல் அரசே அதை எடுத்துக்கொண்டது. நட்டம் யார் தலையில்? இந்த நாட்டு வரிப்பணத்தின் தலையில்.

அதே அரசு கூலிக்காரனுக்கு என்ன உத்தரவாதம் தந்தது? 1876-78 தாது வருடப் பஞ்சத்தைப் பாருங்கள். பிரிட்டிஷ் பகுதிகளில் மட்டும் ஐம்பது லட்சம் பேருக்கு மேல் செத்தார்கள் என்பது பரவலாக ஏற்கப்பட்ட கணக்கு. ரயில் இருந்தது, துறைமுகம் இருந்தது, தானிய ஏற்றுமதியும் நடந்துகொண்டிருந்தது. பஞ்ச நிவாரண வேலைக்கு வந்தவர்களுக்கான கூலியை ரிச்சர்ட் டெம்பிள் என்ற அதிகாரி குறைத்தார். ஒரு ஆண் நாள் முழுக்க மண் வெட்டினால் சுமார் 450 கிராம் தானியமும் ஓரணாவும். பெண்ணுக்கும் பிள்ளைக்கும் இன்னும் குறைவு. இந்த அளவில் மனித உடல் தாங்காது என்று சென்னை மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் எழுதி எதிர்த்தார். அரசுச் செலவு கூடக் கூடாது என்பதே டெம்பிளின் கவலை.

இந்த நிவாரண வேலைகளில் ஒன்றுதான் சென்னை நகரத்துக்குள் கூவத்தையும் அடையாற்றையும் இணைத்த கால்வாய்ப் பகுதி. பக்கிங்காம் கால்வாய் என்று அன்றைய ஆளுநரின் பெயரை வைத்தார்கள். பட்டினியில் கிடந்த கூலிகள் வெட்டிய கால்வாய்க்கு ஒரு பிரபுவின் பெயர். ஆந்திரக் கரையிலிருந்து மரக்காணம் பக்கம்வரை படகுகள் ஓடின. உப்பும் விறகும் நெல்லும் நகரத்துக்கு வந்தன. நகரம் வளர்ந்தது.

அந்தக் கால்வாயின் கரையில் குடிசை போட்டவர்கள் நகரத்தின் குப்பையை அள்ளியவர்கள், சாக்கடையில் இறங்கியவர்கள், கட்டடத்துக்குச் செங்கல் சுமந்தவர்கள். பிற்காலத்தில் அதே கால்வாய்க்குள் அரசே பறக்கும் ரயிலுக்குத் தூண்களை இறக்கியது. அதற்குப் பெயர் உள்கட்டமைப்பு. கரையில் இருந்த குடிசைக்குப் பெயர் ஆக்கிரமிப்பு. நீர்வழியை மீட்கிறோம் என்று சொல்லி நம் மக்களைக் கண்ணகி நகருக்கும் செம்மஞ்சேரிக்கும் பெரும்பாக்கத்துக்கும் ஏற்றிவிட்டார்கள். வேலை நகரத்தில், வீடு இருபது கிலோமீட்டருக்கு அப்பால். பள்ளி மாறிய பிள்ளைகள் எத்தனை பேர் படிப்பை விட்டார்கள் என்று எந்த வளர்ச்சிக் கணக்கிலும் வராது.

யாருக்கு நிலம் என்று சட்டமே சொன்னது

வயல்கள் ஏற்கெனவே ஆதிக்கச் சாதிகளின் கையில் இருந்தன, கால்வாய் அந்த நிலைமையில் போய்ச் சேர்ந்தது, அவ்வளவுதானே என்று கேட்கலாம். அப்படியானால் பஞ்சாபைப் பாருங்கள். அங்கே புதிதாகவே நிலம் உருவானது. 1880-களின் நடுவில் தொடங்கி, ஆறுகளுக்கு இடைப்பட்ட வறண்ட மேய்ச்சல் நிலங்களில் கால்வாய் வெட்டிக் குடியேற்றங்களை அமைத்தார்கள். லயால்பூர் போன்ற நகரங்கள் பிறந்தன. 1885-ல் சுமார் 30 லட்சம் ஏக்கருக்கும் குறைவாக இருந்த கால்வாய்ப் பாசனம் 1947-க்குள் சுமார் 1 கோடியே 40 லட்சம் ஏக்கரானது. உலகிலேயே பெரிய பாசன விரிவுகளில் அதுவும் ஒன்று. அரசு நிலம், அரசுக் கால்வாய், புதிய ஊர். பழைய பட்டா என்று எதுவும் குறுக்கே நிற்கவில்லை. விரும்பியிருந்தால் நிலமற்றவனுக்குக் கொடுத்திருக்கலாம்.

கொடுத்தார்களா? விவசாயச் சாதிகள் என்று அரசு முத்திரை குத்தியவர்களுக்கும், படைவீரர்களுக்கும், விசுவாசமான பெருந்தனக்காரர்களுக்கும் கொடுத்தார்கள். 1900-ல் பஞ்சாப் நில மாற்றச் சட்டம் வந்தது. விவசாயச் சாதிகளின் பட்டியலில் இல்லாதவர் விவசாய நிலத்தை வாங்க முடியாது. கடன்கார வணிகனிடமிருந்து உழவனைக் காப்பாற்றும் சட்டம் என்று இதைப் புகழ்ந்தார்கள். ஆனால் தலைமுறை தலைமுறையாக உழுத சூஹ்ராவும் சமாரும் அந்தப் பட்டியலில் இல்லை. உழுபவன் விவசாயி இல்லை என்று அரசாங்கம் எழுதி வைத்தது. புதிய குடியேற்றங்களுக்கு அவர்களும் போனார்கள், ஊழியக்காரர்களாக. புதிய மண்ணிலும் பழைய சேரி!

விளைவு இன்றும் கண்முன்னால் இருக்கிறது. இந்தியப் பஞ்சாபின் மக்கள்தொகையில் ஏறத்தாழ 32 சதவீதம் பட்டியல் சாதியினர். நாட்டிலேயே அதிக விகிதம் அது. நிலத்தில் அவர்கள் பங்கு மிகச் சொற்பம். கிராமப் பொதுநிலத்தில் மூன்றில் ஒரு பங்கைத் தலித்துகளுக்குக் குத்தகைக்கு விட வேண்டும் என்று அங்கே விதி உண்டு. அதையும் பினாமி ஏலத்தில் ஆதிக்கச் சாதியினர் எடுத்துக்கொள்ள, ஜமீன் பிராப்தி சங்கர்ஷ் கமிட்டி சங்ரூர்ப் பகுதியில் கூட்டாக ஏலம் எடுத்துக் கூட்டாகப் பயிர் செய்யும் போராட்டத்தை நடத்தி வருகிறது. பசுமைப் புரட்சியின் தலைநகரத்தில் மூன்றில் ஒரு பங்கு புறம்போக்குக்கு இத்தனை போராட்டம்.

தமிழகத்திலும் 1891-ல் செங்கல்பட்டு ஆட்சியர் டிரெமென்ஹீர் பறையர்களின் நிலையைப் பற்றி அறிக்கை எழுதினார். குடியிருக்கும் மனைகூட மிராசுதாரர் கையில் இருப்பதுதான் அடிமைத்தனத்தின் ஆணிவேர் என்பது அதன் சாரம். அதன் தொடர்ச்சியாக 1892-ல் பஞ்சமி நில ஆணை வந்தது. நிலமே விடுதலை என்பதை ஒரு வெள்ளை அதிகாரி புரிந்துகொண்டார். அந்த நிலங்கள் இன்று யார் கையில் இருக்கின்றன என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை.

ரூபாயை அம்பேத்கர் எப்படிப் படித்தார்?

இனி நாணயத்துக்கு வருவோம். 1835-ல் கம்பெனி அரசு நாடு முழுக்க ஒரே வெள்ளி ரூபாயைக் கொண்டுவந்தது. 1870-களில் ஜெர்மனி உள்ளிட்ட நாடுகள் தங்கத்துக்கு மாற, உலகச் சந்தையில் வெள்ளி விலை சரிந்தது. சுமார் இரண்டு ஷில்லிங்காக இருந்த ரூபாய் 1892-93-ல் ஒரு ஷில்லிங் மூன்று பென்ஸ் அளவுக்கு இறங்கியது. லண்டனுக்குக் கட்ட வேண்டிய தொகைகள் பவுண்டில் இருந்ததால் அரசு திணறியது. 1893-ல் யார் வேண்டுமானாலும் வெள்ளி கொடுத்து நாணயம் அடித்துக்கொள்ளும் வசதியை மூடினார்கள். பிறகு ரூபாயை ஒரு ஷில்லிங் நான்கு பென்ஸுக்குக் கட்டி, லண்டனில் இருப்பு வைத்து ஒரு ஏற்பாட்டை நடத்தினார்கள். தங்கச் செலாவணி முறை என்று பெயர். கெய்ன்ஸ் என்ற பெரிய பொருளாதார மேதை 1913-ல் அதைப் பாராட்டிப் புத்தகம் எழுதினார்.

பத்து ஆண்டுகள் கழித்து, 1923-ல், மகர் சாதியில் பிறந்த ஒரு மாணவர் லண்டனில் அதை எதிர்த்துப் புத்தகம் எழுதினார். ரூபாயின் சிக்கல் என்ற அந்த நூல்தான் பாபாசாகேப் அம்பேத்கருக்கு லண்டன் பொருளாதாரப் பள்ளியின் டி.எஸ்சி. பட்டத்தைத் தந்த ஆய்வு. அந்த முறையில் நாணயத்தை வெளியிடுவது அரசின் விருப்பத்துக்கு விடப்படுகிறது, எனவே விலைவாசி நிலைக்காது என்பது அவர் வாதம். ரூபாய் அடிப்பதற்கு ஓர் உறுதியான வரம்பு வேண்டும் என்றார்.

அதில் நமக்கு முக்கியமான இடம் எது? ரூபாயின் மதிப்பு விழுந்தால் ஏற்றுமதி பெருகும், நாடு லாபம் அடையும் என்று அன்று பலரும் சொன்னார்கள். இன்றும் சொல்கிறார்கள். அம்பேத்கர் அந்த லாபம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டார். ஒரு கணக்காகப் பாருங்கள். ஒரு கூலிக்கு நாளொன்றுக்கு நாலணா, அதற்கு இரண்டு படி கம்பு கிடைக்கிறது என்று வைத்துக்கொள்வோம். ரூபாய் விழுகிறது, விலை ஏறுகிறது. ஏற்றுமதியாளருக்கு அதே மூட்டைக்கு அதிக ரூபாய். கூலி மட்டும் அதே நாலணா, இப்போது கிடைப்பது ஒன்றரைப் படி. கூலி உயரும்தான், ஆனால் விலைக்குப் பின்னால் நொண்டிக்கொண்டுதான் வரும். அந்த அரைப்படிதான் முதலாளியின் லாபம். அயல்நாட்டிடமிருந்து வென்ற லாபம் இல்லை அது. நாட்டுக்குள்ளேயே ஒரு வர்க்கத்தின் வயிற்றிலிருந்து இன்னொரு வர்க்கத்தின் பெட்டிக்குப் போன லாபம். அம்பேத்கரின் வாதத்தின் சாரம் இதுதான்.

1925-ல் நாணயம் பற்றிய அரச ஆணையத்தின் முன் அவர் சாட்சியம் சொன்னார். ரூபாயைக் குறைந்த மதிப்பில் கட்ட வேண்டும் என்பதை இந்திய ஆலை முதலாளிகளும் வணிகர்களும் தேசிய நலன் என்ற கொடியோடு கேட்டுக்கொண்டிருந்த காலம் அது. தேசம் என்று சொல்கிறீர்களே, அதில் கூலிக்காரன் இருக்கிறானா என்று கேட்க அன்று ஒருவர் இருந்தார். ரிசர்வ் வங்கியை உருவாக்கியதே அம்பேத்கர்தான் என்று ஆண்டுதோறும் படம் போட்டுப் பகிர்கிறோம். அந்தப் புகழைவிட அவருடைய இந்தக் கேள்வி நமக்குப் பெரிது.

இதைப் படித்துவிட்டுப் பணமே கேடு என்ற முடிவுக்குப் போய்விடாதீர்கள். நெல்லாகக் கூலி வாங்கியவனுக்குப் பண்ணையை விட்டால் போக்கிடம் இல்லை. காசாக வாங்கியவன் ஊரை விட்டுப் போக முடிந்தது. 1880-களில் வட ஆற்காடு, சித்தூர்ப் பக்கங்களிலிருந்து நம் மக்கள் கோலார் தங்கவயலுக்குப் போனார்கள். நாணயத்துக்குப் பின்னால் தங்கம் வேண்டுமா வேண்டாமா என்று லண்டனில் விவாதம் நடந்த அதே ஆண்டுகளில், தலித் தொழிலாளர்கள் பூமிக்கடியில் இறங்கித் தங்கம் வெட்டினார்கள். 1902-ல் காவிரியின் சிவசமுத்திரத்தில் மின்சாரம் எடுத்து முதலில் ஒளி கொடுத்தது ஊர்களுக்கு இல்லை, அந்தச் சுரங்கத்துக்கு. சுமார் 800 டன் தங்கம் வெட்டி எடுக்கப்பட்டது. வெள்ளையர் காலத்தில் அது கப்பலேறி லண்டன் போனது. வெட்டியவர்களுக்கு மிஞ்சியது நுரையீரலில் பாறைத் தூசு. 2001-ல் சுரங்கத்தையும் மூடிவிட்டார்கள்.

ஆனாலும் அந்தக் காசுக் கூலி ஒரு காரியம் செய்தது. தங்கவயலில் பண்டிதர் அயோத்திதாசரின் பௌத்தம் வேர்விட்டது. சங்கம் வந்தது, பள்ளி வந்தது. 1907-ல் பண்டிதர் தொடங்கிய இதழுக்கு 'ஒரு பைசாத் தமிழன்' என்று பெயர். விலையையே பெயராக வைத்த பத்திரிகை. அவர் மறைவுக்குப் பின் அந்த இதழுக்குத் தங்கவயல் மறுவாழ்வு தந்தது. கையில் ஒரு பைசா இருந்தால் அதை எதற்குச் செலவிட வேண்டும் என்று நம் முன்னோருக்குத் தெரிந்திருந்தது. காசு தானாக விடுதலை தரவில்லை. அமைப்பாகத் திரண்டவர்களின் கையில் அது கருவியானது.

இன்றைய மதகு

இதெல்லாம் பழைய கதை என்று ஒதுக்க முடியாது. 2016 நவம்பர் 8 இரவு, புழக்கத்தில் இருந்த பணத்தின் மதிப்பில் 86 சதவீதத்தைச் செல்லாது என்றார்கள். வங்கிக் கணக்கும் அட்டையும் உள்ளவனுக்கு அது வரிசையில் நிற்கும் தொல்லை. அன்றாடக் கூலிக்கு அது வேலையே இல்லாத நாட்கள். அந்த ஆண்டு முடியுமுன்பே பணப் பரிமாற்றச் செயலி ஒன்றுக்குப் பீம் என்று அண்ணலின் பெயரை வைத்தார்கள். விலைவாசியில் கூலிக்காரனின் அரைப்படியைப் பற்றிக் கவலைப்பட்டவரின் பெயர், கூலிக்காரனின் வாரக்கூலியைச் செல்லாக்காசாக்கிய நடவடிக்கைக்கு அலங்காரம் ஆனது.

நம் பங்காக எழுதி வைத்த பணத்தின் கதையும் அதுவே. மக்கள்தொகை விகிதத்துக்கு ஏற்பத் திட்ட நிதியில் பங்கு என்ற சிறப்புக் கூறு திட்டம் 1970-களின் கடைசியில் வந்தது. அந்த நிதியிலிருந்து 700 கோடி ரூபாய்க்கு மேல் 2010 காமன்வெல்த் விளையாட்டுக்காகத் தில்லியில் திருப்பிவிடப்பட்டது. விளையாட்டு அரங்கமும் மேம்பாலமும் தலித் மேம்பாடு! தமிழகத்தில் இதற்கென ஒரு சட்டம் 2024-ல்தான் நிறைவேறியது. சட்டம் வந்ததாலேயே பணம் வந்துவிடாது. 1843-ஐ நினைத்துக்கொள்ளுங்கள்.

2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி நாட்டின் சாகுபடிப் பரப்பில் பட்டியல் சாதியினர் பயிர் செய்வது 9 சதவீதத்துக்கும் குறைவு. மக்கள்தொகையில் நாம் 16.6 சதவீதம். இருநூறு ஆண்டு கால்வாய்க்கும் இத்தனை திட்டங்களுக்கும் பிறகான நிலை இது. ஆற்றில் தண்ணீர் இருக்கிறது, தலைமடையில் மதகும் இருக்கிறது, மதகின் திருகு யார் கையில் என்பதுதான் சிக்கல்.

அணைகளும் தொழில்களும் வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. 1942 முதல் 1946 வரை தொழிலாளர் துறை உறுப்பினராக இருந்தபோது, இன்றைய மத்திய நீர் ஆணையத்தின் முன்னோடியையும் தாமோதர் பள்ளத்தாக்குத் திட்டத்தையும் முன்னெடுத்தவர் அம்பேத்கர். அவரே 1927-ல் மகாத்தில் ஒரு குளத்து நீரை அள்ளிக் குடிக்கப் போராடியவர். தண்ணீரைப் பெருக்குவதும் தண்ணீரில் உரிமை கேட்பதும் அவருக்கு ஒரே போராட்டம். நிலத்தை அரசுடைமையாக்கிக் கூட்டுப் பண்ணையாக்க வேண்டும் என்று அவர் எழுதியதற்கும் அதுவே காரணம்.

ஆகவே மாணவத் தோழர்களே, எந்த வளர்ச்சித் திட்டம் உங்கள் முன்னால் வந்தாலும் நான்கு கேள்விகளைக் கேளுங்கள். வேலை செய்பவர் யார், கூலி என்ன? நிலம் யார் பெயரில்? முதல் போட்டவருக்குத் தந்த உத்தரவாதம் கூலிக்காரருக்கு உண்டா? கரையில் இருப்பவர்களை எங்கே அனுப்பப் போகிறீர்கள்? உங்கள் ஊர் ஏரியின் ஆயக்கட்டில் தலித் பட்டா எத்தனை என்று கிராம நிர்வாக அலுவலரிடம் கேளுங்கள். 1892 ஆணைக்குப் பின் உங்கள் வட்டத்தில் ஒதுக்கிய பஞ்சமி நிலம் எவ்வளவு, இன்று யார் பிடியில் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள். உங்கள் மாவட்டத்தில் பட்டியல் சாதி நிதி எந்தத் தலைப்பில் செலவானது என்று ஆண்டுவாரியாக எழுதி வையுங்கள். களப்பணியில் நாங்கள் கற்றுக்கொண்டது இது: கோஷத்துக்குப் பதில் சொல்லாத அதிகாரி சர்வே எண்ணுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

பாடப்புத்தகம் வெட்டப்பட்டது என்று எழுதட்டும். வெட்டியவர் யார் என்று நாம் எழுதுவோம். வெட்டியவருக்கு நிலமும் நீரும் காசும் எப்போது என்று கேட்டுக்கொண்டே இருப்போம்.

ஜெய் பீம்.